இரணியலிலிருந்து கிழக்கேகோட்டைக்கு: ஒருநாள் சுற்றுலா பற்றிய நிகழ்வு ஆய்வு

திருவனந்தபுரத்தை ஒரே நாளில் சுற்றிக்காட்டும் சுற்றுலாக்கள் கன்னியாகுமரி மாவட்டத்திலிருந்து அடிக்கடி கிளம்புகின்றன. பள்ளிப் பிள்ளைகள், ஓய்வுபெற்றவர்கள், சுயஉதவிக் குழுப் பெண்கள் என்று வேன் நிறைய ஆட்கள் போய்வருகிறார்கள். பெரும்பாலும் ஒரே அச்சுதான். பத்து இடம், இடத்துக்கு அரைமணி, கடைசியில் இருட்டிய பிறகு கோவளம். திரும்பி வந்தவர்களிடம் என்ன பார்த்தீர்கள் என்று கேட்டால் இடங்களின் பெயரைச் சொல்வார்கள், அதற்கு மேல் பேச்சு நகராது.

இங்கே எழுதுவது அப்படி ஒரு திட்டத்தோடு தொடங்கி, வேறு விதமாக நடந்து முடிந்த ஒரு சுற்றுலாவைப் பற்றி. இரணியல் வட்டாரத்து மகளிர் சுயஉதவிக் குழு ஒன்று ஏற்பாடு செய்தது. உள்ளூர் வரலாற்றில் எனக்கு ஈடுபாடு உண்டு என்று தெரிந்து குழுத் தலைவி என்னையும் வரச் சொன்னார். நடந்ததை முதலிலிருந்து கடைசிவரை பக்கத்திலிருந்து பார்த்தேன்.

என் கருத்தை முன்னாலேயே சொல்லிவிடுகிறேன். குமரி மாவட்டத்துக்காரர்களுக்குத் திருவனந்தபுரம் வெளியூர் கிடையாது. 1956 நவம்பர் 1 வரை தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களுக்கும் தலைநகரம் அதுதான். வரி அங்கே போனது, உத்தரவு அங்கிருந்து வந்தது. அந்த மக்களை அந்த ஊருக்கு அழைத்துப் போகிற வழிகாட்டி, டெல்லியிலிருந்து வருகிறவருக்குச் சொல்லும் கதையையே இவர்களுக்கும் சொன்னால் அது பாதிக் கதைதான். இவர்களுக்கும் அந்த ஊருக்கும் ஒரு பழைய கணக்கு இருக்கிறது. அதைப் பேச நேரம் வேண்டும். நேரம் வேண்டுமானால் இடங்களைக் குறைக்க வேண்டும்.

அச்சடித்த திட்டம்

குழுவில் பாதிப்பேர் 50 வயதைத் தாண்டிய பெண்கள். சிலர் மாமியாரையும் அம்மாவையும் கூட்டிவந்திருந்தார்கள். துணைக்கு வந்த ஆண்கள் நாலைந்து பேர். இந்துக்கள், கிறிஸ்தவர்கள், அய்யா வைகுண்டரைப் பின்பற்றும் அய்யாவழியைச் சேர்ந்தவர்கள் என்று எங்கள் பக்கத்து ஊர்களில் எப்படிக் கலந்து இருப்பார்களோ அப்படித்தான் வேனிலும் இருந்தார்கள்.

வேன் ஏற்பாடு செய்த நிறுவனம் ஒரு தாள் கொடுத்திருந்தது. காலை ஆறரைக்குப் புறப்பாடு. பத்மநாபசுவாமி கோயில், குதிரைமாளிகை, நேப்பியர் அருங்காட்சியகம், ஸ்ரீசித்ரா ஓவியக் கூடம், மிருகக்காட்சிசாலை, ஆற்றுக்கால், சங்குமுகம், கோவளம் எல்லாம் முடித்து, திரும்பும் வழியில் மாலை நாலரைக்குப் பத்மநாபபுரம் அரண்மனை. இதற்கிடையில் "ஷாப்பிங்" என்று ஒரு மணி நேரம்.

தாளில் பார்க்க நிறைவாகத்தான் இருந்தது, ஆனால் நடக்காது. அரண்மனையில் நாலரை மணியோடு நுழைவு முடிந்துவிடும். கோவளத்திலிருந்து அந்த நேரத்துக்குள் அரண்மனை இருக்கும் தக்கலைக்கு வந்துசேர வழியில்லை. பத்மநாபசுவாமி கோயிலில் காலை தரிசனம் தொடர்ச்சியாக இருக்காது. பூஜைக்காக இடையிடையே நிறுத்துவார்கள், நண்பகலோடு நடை சாத்தினால் மாலை ஐந்து மணிக்குத்தான் மறுபடி திறக்கும். குதிரைமாளிகையும் மதியம் மூடி மூன்று மணிக்குத் திறக்கும். இந்த மூன்று கடிகாரங்களையும் பார்க்காமல் போட்ட திட்டம் அது. இன்னொன்று, கிறிஸ்தவர்களைக் கோயிலுக்குள் விடமாட்டார்கள் என்பதை அந்தத் தாள் சொல்லவே இல்லை. பணம் கட்டியவர்களில் அவர்களும் இருந்தார்கள்.

இதைக் கவனித்தவர் வழிகாட்டிதான். திருவனந்தபுரத்துச் சாலைத் தெருப் பக்கம் பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண், வயது நாற்பதை ஒட்டி இருக்கும். முந்தின நாள் சாயங்காலம் குழுத் தலைவிக்கு போன் போட்டு, "அக்கா, இந்தத் தாளை வச்சுக்கிட்டுப் போனா வேனுக்குள்ளயேதான் இருப்பீங்க. நான் மாத்திச் சொல்றேன், பிடிச்சா செய்வோம்" என்றார். அவர் சொன்ன மாற்றம் எளிமையானது. முதலில் பத்மநாபபுரம், அதன் பிறகு திருவனந்தபுரம், அங்கே பத்மநாபசுவாமி கோயிலைச் சுற்றிய கிழக்கேகோட்டைப் பகுதி மட்டும். மிருகக்காட்சிசாலையும் கடற்கரையும் கிடையாது. கோவளம் போகமுடியாது என்றதும் இளையவர்கள் சிலருக்கு முகம் வாடியது. முட்டத்திலும் குளச்சலிலும் கடலைப் பார்த்து வளர்ந்தவர்கள்தானே என்று தலைவி அவர்களைச் சமாதானப்படுத்தினார். நிறுவனத்துக்காரர் கொஞ்சம் முரண்டு பிடித்தார், அப்புறம் சரி என்று விட்டுவிட்டார்.

பத்மநாபபுரம்: யாருக்குச் சோறு?

அரண்மனை ஒன்பது மணிக்குத் திறக்கும். நாங்கள் அதற்குக் கொஞ்சம் முன்னாலேயே போய்விட்டோம். திங்கட்கிழமை விடுமுறை என்பதால் சனிக்கிழமையைத் தேர்ந்திருந்தார்கள். இரணியலிலிருந்து கூப்பிடு தூரம்தான். இருந்தும் வேனில் இருந்த வயதான பெண்களில் பலர் அதுவரை உள்ளே வந்ததில்லை. கோட்டை மதிலை ஒட்டிப் போகும் பஸ்ஸிலிருந்து பார்த்ததோடு சரி.

தமிழ்நாட்டு மண்ணில் நிற்கும் இந்த அரண்மனையைக் கேரள அரசின் தொல்லியல் துறை நிர்வகிக்கிறது. மாநிலங்களைப் பிரித்தபோது நிலம் இந்தப் பக்கம் வந்தது, அரண்மனையின் பொறுப்பு அந்தப் பக்கமே நின்றுவிட்டது. சீட்டு கொடுப்பவரிலிருந்து அறைக்கு அறை விளக்கம் சொல்லும் ஊழியர் வரை கேரள அரசின் ஆட்கள். எல்லை என்பது கோடு போட்டது மாதிரி நேராக இருக்காது என்பதை இங்கே கண்ணால் பார்க்கலாம்.

முகப்பு மண்டபமான பூமுகத்தில் எல்லோரும் காட்டுவது மேற்கூரையின் மரப்பூக்களையும் குதிரை விளக்கையும்தான். எங்கள் வழிகாட்டியும் காட்டினார். ஆனால் அதற்கு முன்னால் ஒரு விஷயம் செய்தார். எல்லோரையும் முற்றத்தில் நிற்கவைத்து, இந்த இடத்தின் கதையை வரிசையாகச் சொன்னார். 1601 வாக்கில் இங்கே அரண்மனை எழும்பியது, பிறகு 1729-ல் திருவிதாங்கூரில் ஆட்சிக்கு வந்த மார்த்தாண்ட வர்மர் அதை விரித்துக் கட்டினார், 1741-ல் குளச்சலில் டச்சுக்காரர்களைத் தோற்கடித்தார், 1750 ஜனவரியில் நாட்டையே பத்மநாபசுவாமிக்கு ஒப்படைத்து அந்தத் தெய்வத்தின் தாசனாக ஆண்டார், 1795-ல் தலைநகரம் இங்கிருந்து திருவனந்தபுரம் போனது. "இப்ப நாம பண்ணப்போறதும் அதேதான். தலைநகரம் போன வழியே நாமும் போறோம்" என்றார். அந்த ஒரு பேச்சில் நாள் முழுவதற்கும் ஒரு திசை கிடைத்துவிட்டது. அதன் பிறகு பார்த்த எதுவும் தனித்தனியாக நிற்கவில்லை.

அரசர் ஆலோசனை நடத்திய மந்திரசாலைக்குப் போகும் மரப்படி செங்குத்தானது. முழங்கால் வலி உள்ளவர்கள் அங்கே திணறுவார்கள் என்று அவருக்கு முன்பே தெரியும். ஏறமுடியாதவர்களைக் கீழே நிழலில் உட்காரவைத்து, மேலே போய்வந்தவர்களில் ஒரு பெண்ணை அவர்களிடம் விவரம் சொல்ல வைத்தார். போய்வந்த பெண் கறுப்புத் தரையைப் பற்றிச் சொன்னார். சிரட்டைக் கரியும் சுண்ணாம்பும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்து இழைத்தது, முகம் தெரிகிறது என்று. "சாணி மொழுகின தரைன்னு நினைச்சேன்" என்று ஒரு பாட்டி சிரித்தார். அரண்மனையின் பழைய பகுதியான தாய்க்கொட்டாரத்தில் பலாமரத் தூணின் வேலைப்பாட்டைத் தச்சுக் குடும்பத்தைச் சேர்ந்த ஒரு அக்கா விரலால் தடவாமல், தள்ளி நின்றே, எந்த உளி எங்கே ஓடியிருக்கும் என்று விளக்கினார். வழிகாட்டி வாய் திறக்காமல் அதைக் கேட்டுக்கொண்டு நின்றது எனக்குப் பிடித்தது.

ஊட்டுப்புரைதான் காலையின் முக்கியமான இடம். இரண்டு தளம், நீளமான கூடம், தளத்துக்கு 1000 பேர் உட்காரலாம். துறையின் ஊழியர் வழக்கம்போல, ஒரே நேரத்தில் 2000 பேருக்கு இலவசச் சாப்பாடு போட்ட இடம் என்று பெருமையாகச் சொன்னார். கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு பாட்டி கேட்டார்:

"யாருக்கு மக்ளே சோறு?"

ஊழியர் வழிகாட்டியைப் பார்த்தார். வழிகாட்டி தயங்கவில்லை. "பிராமணர்களுக்கு, பாட்டி. உங்களுக்கும் எனக்கும் இல்ல."

ஒரு சுற்றுலா வழிகாட்டி அந்த இடத்தில் எத்தனை விதமாக நழுவியிருக்கலாம் என்று எனக்குத் தெரியும். இவர் நழுவாமல் அங்கேயே பத்து நிமிடம் நின்றார். பனையேறுகிறவர்களிடம் வரி வாங்கிய அரசு, கூலி கொடுக்காமல் ஊழிய வேலை செய்யவைத்த அரசு, பெண்கள் தோளில் சீலை போடக் கூடாது என்ற அரசு இதே அரசுதான் என்றார். தோள்சீலைப் போராட்டம் 1820-களில் கல்குளம், இரணியல் பக்கங்களில்தான் மூண்டது, 1859-ல் உத்திரம் திருநாள் மகாராஜா காலத்து அறிவிப்பு வரும்வரை அது ஓயவில்லை என்பதையும் சொன்னார். நின்றவர்களின் சொந்த ஊர்ப் பெயர் அரண்மனைக்குள் உரக்கக் கேட்டது அப்போதுதான். யாரும் கோபப்படவில்லை. ஆனால் அதன் பிறகு அந்தப் பெண்கள் கேள்வி கேட்கத் தொடங்கினார்கள், சாயங்காலம் வரை நிறுத்தவில்லை.

அழகைக் குறைத்துச் சொல்லவேண்டிய அவசியம் இல்லை என்பதையும் அங்கே கண்டேன். அடுத்த அரைமணியில் அதே பெண்கள் நவராத்திரி மண்டபத்துக் கற்தூண்களை வாய் ஓயாமல் புகழ்ந்தார்கள். உப்பரிகை மாளிகையின் கதையை இன்னும் ஆவலாகக் கேட்டார்கள். ஆண்டுதோறும் நவராத்திரிக்கு முன்னால் அங்கேதான் அரசரின் உடைவாளை இரு மாநிலத்து அதிகாரிகளும் கூடிநிற்கக் கைமாற்றுவார்கள். பத்மநாபபுரத்துச் சரஸ்வதி யானை மேல், வேளிமலைக் குமாரசுவாமியும் சுசீந்திரத்து முன்னுதித்த நங்கையும் பல்லக்கில் என்று ஊர்வலம் புறப்பட்டுத் திருவனந்தபுரம் போகும். எல்லையில் இரண்டு மாநிலத்துப் போலீஸும் மரியாதை செலுத்தும். குமாரசுவாமி போய் இறங்குவது ஆரியசாலையில். "எங்க வீட்டுப் பக்கத்துல. சின்ன வயசுல உங்க ஊரு முருகன் எங்க ஊருக்கு விருந்தாளியா வாறாருன்னுதான் சொல்லித்தருவாங்க" என்றார் வழிகாட்டி. ஒரு பெருமையும் ஒரு வலியும் அடுத்தடுத்து வந்தது தப்பாகத் தோன்றவில்லை. இரண்டும் அங்கே நடந்தவைதானே.

எல்லை தாண்டி

அரண்மனையை விடும்போது பதினொன்றரை தாண்டிவிட்டது. தாளில் இருந்த அரைமணியைப் போல ஐந்து மடங்கு. மார்த்தாண்டம் மேம்பாலத்தில் ஏறும்போது, தமிழகத்தோடு சேரவேண்டும் என்று கேட்டவர்கள் மேல் 1954 ஆகஸ்ட் 11 அன்று துப்பாக்கிச் சூடு நடந்தது இந்த ஊரிலும் புதுக்கடையிலும்தான் என்பதை ஒரு அண்ணாச்சி எல்லோருக்கும் நினைவூட்டினார். களியக்காவிளை தாண்டியதும் வேனை நிறுத்தி பர்மிட் பார்த்தார்கள். நிறுவனம் வரிக் காகிதத்தைச் சரியாகக் கொடுத்தனுப்பவில்லை. ஓட்டுநர் போனில் பேசி, பணம் கட்டி, ரசீது வந்துசேர அரைமணிக்கு மேல் ஆனது. வெயிலில் வேனுக்குள் உட்கார்ந்திருந்த அந்த நேரம்தான் அன்றைக்கு வீணான நேரம். வண்டி எல்லை தாண்டும் சுற்றுலாவில் முன்பணம் கொடுக்கும்போதே இந்தக் காகிதத்தைக் காட்டச் சொல்லிக் கேட்கவேண்டும்.

பாலராமபுரத்தில் ஒரு சின்ன நிறுத்தம். தாளில் "ஷாப்பிங்" என்று இருந்தது நகரத்தில் நிறுவனம் சொன்ன ஒரு பெரிய கடை. அங்கே போனால் ஓட்டுநருக்கும் வழிகாட்டிக்கும் கமிஷன் உண்டு. இந்த வழிகாட்டி கமிஷன் வாங்குவதில்லை, அதனால் தன் கூலியைக் கொஞ்சம் கூடுதலாக வைத்திருக்கிறார். அதை முன்கூட்டியே தலைவியிடம் சொல்லியும் இருந்தார். கடைக்குப் பதிலாகக் கைத்தறி நெசவுத் தெருவுக்குக் கூட்டிப்போனார். 1798-ல் ஆட்சிக்கு வந்த பாலராம வர்மரின் காலத்தில் தமிழ்ப் பகுதியிலிருந்து அழைத்துவந்து குடியேற்றிய சாலியர்கள் நெய்த ஊர் இது. குழித்தறியில் கால் இறக்கி உட்கார்ந்திருந்த ஒரு பெரியவர் எங்கள் பேச்சைக் கேட்டுத் தமிழிலேயே பதில் சொன்னார். கசவு வேட்டிகளும் புடவைகளும் சிலர் வாங்கினார்கள். கோயிலுக்கு வேட்டி வேண்டும் என்று வழிகாட்டி சொன்னது ஆண்களுக்கு நினைவிருந்தது, வாசலில் வாடகைக்கு எடுப்பதை விட இங்கே வாங்கிக் கட்டிக்கொள்ளலாம் என்று வாங்கினார்கள். நெசவுக்காரருக்கு நேராகப் போன காசு அது.

மதியச் சாப்பாடு சாலைத் தெருப் பக்கத்தில், இரண்டு மணிக்கு மேல். சர்க்கரை நோய் உள்ளவர்கள் இருவருக்கு அதற்குள் தலைசுற்றல். நேரம் பிந்தும் என்று தெரிந்த உடனேயே வழியில் ஏதாவது சாப்பிடக் கொடுத்திருக்க வேண்டும். அன்றைய நாளில் எனக்குள்ள பெரிய குறை இதுதான். சாப்பாடு அருமை என்பதால் யாரும் பெரிதாக முறையிடவில்லை. எரிசேரி, புளிசேரி, அவியல், கடைசியில் போளியும் பால்பாயசமும்.

சாலைத் தெருவில் சாப்பிட்ட களைப்போடு கொஞ்சம் நடந்தோம். 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் திவான் ராஜா கேசவதாசன் ஏற்படுத்திய சந்தை இது. பலசரக்கு, பாத்திரம், பூ என்று இன்றும் கடைக்குக் கடை தமிழ் கேட்கும். தோவாளைப் பூ இங்கே வந்து இறங்குவதைப் பார்த்த ஒருவர், தன் அக்கா மகன் தினமும் லோடு ஏற்றுவது இங்கேதானா என்று கேட்டார்.

குதிரைமாளிகை முன்னால்

மூன்று மணிக்குச் சரியாகக் கோயில் குளமான பத்மதீர்த்தத்தின் கரையில், மேத்தன் மணி என்ற பழைய கடிகாரத்துக்கு எதிரே நின்றோம். மணி அடிக்கும்போது நடுவில் இருக்கும் தாடிக்கார முகம் வாய் திறக்கும், இரண்டு பக்கத்திலிருந்தும் ஆட்டுக்கிடாய்கள் வந்து கன்னத்தில் மோதும். அந்த ஒரு நிமிடத்துக்காகச் சாப்பாட்டிலிருந்தே வழிகாட்டி நேரத்தைக் கணக்குப் பார்த்திருந்தார். பிள்ளைகளை விடப் பாட்டிகள்தான் அதிகமாகக் கைதட்டினார்கள்.

குதிரைமாளிகை சுவாதித் திருநாள் மகாராஜா கட்டியது. இறவாரத்தைத் தாங்கும் 122 மரக்குதிரைகளால் அந்தப் பெயர். 1813-ல் பிறந்து 1846-ல் இறந்த மன்னர், பல மொழிகளில் கீர்த்தனைகள் இயற்றியவர், தஞ்சாவூர் வடிவேலுவை அரசவையில் வைத்துப் போற்றியவர். கோபுரத்தைப் பார்த்தபடி அமர்ந்து அவர் பாட்டு இயற்றிய அறை, தந்தச் சிம்மாசனம், படிகச் சிம்மாசனம் எல்லாம் பார்த்து வெளியே வந்து குதிரைகளை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தோம். அப்போது அய்யாவழியைச் சேர்ந்த ஒரு பாட்டி வழிகாட்டியின் கையைப் பிடித்தார்.

"மக்ளே, எங்க அய்யாவைச் சிங்காரத்தோப்புல அடைச்சது இந்த ராசா காலத்துலதானே?"

"ஆமா பாட்டி. இவர் காலத்துலதான்."

இதற்கு மேல் என்ன செய்வார் என்று நான் கவனித்தேன். அவர் எல்லோரையும் மரநிழலுக்குக் கூப்பிட்டார். பாட்டியையே சொல்லச் சொன்னார். சாமித்தோப்பில் 1809-ல் பிறந்த முத்துக்குட்டி எப்படி வைகுண்டர் ஆனார், சாதி பார்க்காமல் ஒரே கிணற்றில் எல்லோரையும் எப்படிக் குளிக்கவைத்தார், ஆண்களைத் தலைப்பாகை கட்டிக்கொண்டு நிமிர்ந்து நின்று எப்படிக் கும்பிடச் சொன்னார், அரசாங்கம் ஏன் அவரைப் பிடித்துக்கொண்டு போய்ச் சிங்காரத்தோப்புச் சிறையில் அடைத்தது என்பதைப் பாட்டி தன் போக்கில் சொன்னார். வைகுண்டரின் அவதார நாளான மாசி 20-ஐ ஒட்டித் திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவில் வழியாகச் சாமித்தோப்புக்கு ஊர்வலம் வருவது அவர் அந்தச் சிறையிலிருந்து விடுதலையானதன் நினைவாகத்தான் என்று வழிகாட்டி சேர்த்துக்கொண்டார். வேனில் வந்த கிறிஸ்தவப் பெண்களுக்கு ஊர்வலம் தெரியும், அன்றைக்கு உள்ளூர் விடுமுறை என்பதும் தெரியும், காரணம் தெரியாது.

இசைக்காக உலகம் கொண்டாடும் ஒரு மன்னரின் வாசலில், அவர் சிறையில் வைத்த வைகுண்டரின் கதையை, வைகுண்டரின் வழியில் வந்த ஒரு பெண் சொல்லிக் கேட்பது எந்தச் சுற்றுலாக் கையேட்டிலும் கிடைக்காது. வழிகாட்டி அங்கே செய்த வேலை, தான் பேசாமல் இருந்து இன்னொருவருக்கு இடம் கொடுத்தது. காலையில் ஊட்டுப்புரையில் நேராகப் பதில் சொன்னதால்தான் பாட்டிக்கு இந்தக் கேள்வியைக் கேட்கும் துணிவு வந்தது என்பது என் கணிப்பு. ஊட்டுப்புரைக்கு அரைமணிதான் என்றிருந்தால், குதிரைமாளிகையில் இது நடந்திருக்காது.

கோயிலும் பாளையமும்

ஐந்து மணி நடைதிறப்புக்கு முன் குழு இரண்டாகப் பிரிந்தது. இந்த இடத்தைப் பெரும்பாலான சுற்றுலாக்கள் மோசமாகக் கையாளுகின்றன. இந்துக்கள் அல்லாதவர்களை வேனில் உட்காரவைத்துவிட்டு மற்றவர்கள் உள்ளே போவார்கள். ஒன்றாகக் கிளம்பிவந்தவர்களில் சிலரை ஒன்றரை மணி நேரம் வாசலில் காக்கவைப்பது மனசுக்குக் கஷ்டமான விஷயம். இந்த வழிகாட்டி முந்தின நாளே அந்தப் பெண்களிடம் தனியாகப் பேசி, தன் தோழி ஒருவரை ஏற்பாடு செய்திருந்தார். அவர்கள் வேனிலேயே பாளையத்துக்குப் போனார்கள். வழியில் தலைமைச் செயலகத்தின் முன், திருவிதாங்கூரின் திவானாக இருந்த வேலுத்தம்பி தளவாயின் சிலை. அவர் பிறந்த தலக்குளம் இரணியலுக்குப் பக்கத்தில்தான். பாளையத்தில் புனித யோசேப்பு பேராலயம், ஜும்மா மசூதி, கணபதி கோயில் மூன்றும் அருகருகே நிற்பதைப் பார்த்து, பேராலயத்தில் சாயங்கால ஜெபத்துக்கும் இருந்துவிட்டுத் திரும்பினார்கள். திரும்பியபோது அவர்களிடமும் சொல்வதற்கு நிறைய இருந்தது. இரண்டு கூட்டமும் வேனில் கதையை மாற்றிக்கொண்டார்கள்.

கோயிலுக்குப் போனவர்கள் போனையும் கைப்பையையும் ஒப்படைத்தார்கள். ஆண்கள் சட்டையைக் கழற்றி வேட்டியோடு, சுடிதார் போட்டிருந்த பெண்கள் அதற்கு மேல் முண்டு சுற்றிக்கொண்டு வரிசையில் நின்றார்கள். ஏழு நிலைக் கோபுரம் கேரளக் கோயில்களின் சாயலில் இல்லாமல் நம் பக்கத்துக் கோபுரம் போலவே எழுந்து நிற்கும். நம்மாழ்வார் பாடிய தலம், 108 திவ்ய தேசங்களில் ஒன்று. உள்ளே பேச முடியாது என்பதால் சொல்லவேண்டியதை எல்லாம் வழிகாட்டி வெளியிலேயே சொல்லிவிட்டார். 18 அடி நீளத்தில் பள்ளிகொண்டிருக்கும் பெருமாளை மூன்று வாசல் வழியாகத்தான் பார்க்கமுடியும், முதல் வாசலில் திருமுகமும் தொங்கும் கைக்குக் கீழே சிவலிங்கமும், நடுவாசலில் நாபியிலிருந்து எழும் தாமரையில் பிரம்மா, மூன்றாவதில் பாதம், மூன்றிலும் நின்று பார்க்கக் கிடைப்பது சில நொடிகள்தான், எங்கே எதைப் பார்க்கவேண்டும் என்று மனதில் வைத்துக்கொள்ளுங்கள் என்றார். கூடவே இன்னொன்றும் சொன்னார். 1936 நவம்பர் 12 அன்று சித்திரைத் திருநாள் மகாராஜாவின் ஆலயப் பிரவேச அறிவிப்பு வரும்வரை இங்கே நிற்கும் பலருடைய குடும்பம் இந்த வாசலுக்குள் வந்திருக்கமுடியாது.

அய்யாவழிப் பாட்டி உள்ளே வருவாரா என்று எனக்கு ஒரு சந்தேகம் இருந்தது. அவர் வந்தார். "என் அம்மை சின்னப்பிள்ளையா இருக்கும்போது இந்தத் தெருவுலயே நடக்க விடமாட்டாங்க. நான் போய்ப் பார்த்துட்டுத்தான் வருவேன்" என்றார். மூன்றாவது வாசலில் அவரை யாரோ நகரச் சொல்லி அவசரப்படுத்தியபோது கூட, தலையை நிமிர்த்தி முழுசாகப் பார்த்துவிட்டுத்தான் நகர்ந்தார்.

என்ன கிடைத்தது, என்ன விட்டுப்போனது

தாளில் இருந்த ஒன்பது இடங்களில் மூன்றைத்தான் பார்த்தோம். தாளில் இல்லாத பாலராமபுரம், சாலைத் தெரு, பாளையம் சேர்ந்தன. கணக்குப் பார்த்தால் நஷ்டம் என்று நிறுவனத்துக்காரர் சொல்லலாம். ஆனால் திரும்பும் வழியில் வேனில் யாரும் தூங்கவில்லை. பாறசாலை வரும்வரை தோள்சீலை பற்றியும் ஊழியம் பற்றியும், தங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொன்னதை ஒவ்வொருவராகச் சொல்லிக்கொண்டு வந்தார்கள்.

விட்டுப்போனதில் எனக்கு வருத்தமானவை இரண்டு. ஒன்று, அருங்காட்சியக வளாகத்து ஓவியக் கூடத்தில் இருக்கும் ரவிவர்மாவின் ஓவியங்கள். இன்னொன்று உதயகிரிக் கோட்டை. பத்மநாபபுரத்துக்கு அவ்வளவு பக்கத்தில் இருந்தும் நேரமில்லை. குளச்சலில் பிடிபட்டு, பிறகு திருவிதாங்கூர்ப் படைக்கே தளபதியாகி, 1777-ல் இறந்த டச்சுப் படை அதிகாரி டி லனோயின் கல்லறை அங்கே இருக்கிறது. கல்லில் லத்தீனும் தமிழும் பொறித்திருக்கிறது. தலைநகரம் போன வழியே போகிறோம் என்ற கதைக்கு அது கச்சிதமாகப் பொருந்தியிருக்கும். காலை எட்டு மணிக்கே கிளம்பாமல் ஏழுக்குக் கிளம்பினாலும், எட்டரைக்கு அங்கே கதவு திறந்திருக்கிறதா என்று விசாரித்துத்தான் சேர்க்கவேண்டும்.

இதைப் படித்துவிட்டு இதே வழியில் போக நினைக்கிற குழுக்களுக்கு நான் அழுத்திச் சொல்வது வழிகாட்டியைத் தேர்ந்தெடுப்பது பற்றி. அவர் தமிழ் பேசுவாரா என்று மட்டும் கேட்டால் போதாது. தோள்சீலைப் போராட்டம் பற்றியும் சிங்காரத்தோப்பு பற்றியும் போனிலேயே இரண்டு கேள்வி கேளுங்கள். பதில் எப்படி வருகிறது என்பதில் ஆள் தெரிந்துவிடுவார். கமிஷன் கடைக்கு நிறுத்தமாட்டேன் என்று சொல்பவருக்குக் கூலி கூடுதலாகத்தான் இருக்கும், பேரம் பேசாமல் கொடுங்கள். கோயிலுக்குள் யார் போகலாம், யார் போகமுடியாது என்பதைப் பணம் வாங்கும் முன்பே சொல்லி, போகமுடியாதவர்களுக்கு அதே நேரத்தில் என்ன ஏற்பாடு என்று கேட்டு வாங்குங்கள். வயதானவர்கள் இருந்தால் அரண்மனைப் படிகளையும் கழிப்பறை நிறுத்தங்களையும் முதலில் பேசுங்கள், பதினொரு மணிக்கு ஒரு சிற்றுண்டி கட்டாயம் கையில் இருக்கட்டும்.

குழுத் தலைவி அடுத்த பயணத்துக்கு இப்போதே பெயர் எழுத ஆரம்பித்துவிட்டார். அதில் காலையில் உதயகிரி, பிறகு நேராக ஓவியக் கூடம், மாலையில் சிங்காரத்தோப்பு. திங்கட்கிழமை வேண்டாம் என்று அவரே நோட்டில் சிவப்பு மையில் குறித்து வைத்திருக்கிறார்.